கேளாது விதித்த கட்டளை: ஒருதரப்புத் தாபரிப்பு ஆணையும் அதனை எதிர்க்கும் வழியும்

குடும்ப வழக்குகள் பற்றித் தமிழில் எழுதப்படுவன பெரும்பாலும் இருவகையின. ஒன்று, எந்தப் பிரிவின்கீழ் எந்த மனுவைத் தாக்கல் செய்வது எனக் கூறும் கைந்நூல். மற்றையது, சிதைந்த குடும்பத்தைக் கண்டு இரங்கும் கட்டுரை. சட்டத்தின் வாசகத்தையே சமூக உறவுகளின் பதிவாகக் கொண்டு, ஒரு சொல் ஏன் அவ்விடத்து வைக்கப்பட்டது, அச்சொல்லால் நன்மை அடைவோர் யாவர் என வினவும் முயற்சி மிகக் குறைவு. இலக்கியம் பயின்றோர் இத்துறையைத் தமக்குப் புறம்பானதென ஒதுக்கிவிடுதல் பொருந்தாது. பனுவலைச் சொல் சொல்லாகப் படிப்பதே நமது தொழிலெனின், பசித்தவளுக்குச் சோறு கிடைப்பதும் கிடையாமற் போவதும் ஒரு சொல்லின் பொருளைப் பற்றி நிற்கும் பனுவலைப் படியாது விடுவதற்கு நியாயமில்லை.

இங்கு எடுத்துக்கொள்ளப்படும் பொருள் குறுகியது. கணவன் மன்றில் தோன்றாதபோது, அவனைக் கேளாமலே, மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் மாதந்தோறும் இவ்வளவு பணம் செலுத்துக என விதிக்கப்படும் ஆணையே அது. இத்தகைய ஒருதரப்பு ஆணை எவ்வாறு பிறக்கிறது, அதனை எதிர்க்க விரும்புவோன் எந்த மன்றுக்கு எக்காலத்துள் செல்லவேண்டும், அங்கு எதனை நிறுவவேண்டும் என்பவற்றை விளக்குவதோடு, இவ்விதிகளின் அடியில் இயங்கும் வர்க்க உறவும் நோக்கப்படும். களமாக இந்தியச் சட்டம் கொள்ளப்படுகிறது. 1984 ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின்கீழ் அங்கு இதற்கெனத் தனி மன்றங்கள் இயங்குகின்றன. இப்பொருள் பற்றிய தீர்ப்புகளும் ஏராளம். இலங்கையில் இவ்வழக்கு நீதவான் நீதிமன்றத்துக்குரியது. எனினும் இரு நாட்டுச் சட்டத்துக்கும் வேர் ஒன்று என்பது பின்னர்ப் புலப்படும்.

சொற்கள் பற்றி ஒரு குறிப்பு. நாம் தாபரிப்பு என்பதனைத் தமிழ்நாட்டார் ஜீவனாம்சம் என்பர். சீவிப்பதற்குரிய அம்சம், அதாவது பங்கு, என்பது அச்சொல்லின் பொருள். கூட்டுக் குடும்பச் சொத்திலே உரிமை இல்லாத விதவைக்கு, உயிரோடிருக்கும் வரை உண்பதற்கென ஒதுக்கப்பட்டதை அச்சொல் குறித்தது. சொத்து ஆணுக்கு, சோறு பெண்ணுக்கு என்னும் நிலவுடைமைச் சமூகத்தின் பங்கீடு அச்சொல்லிலேயே உறைந்து கிடக்கிறது. இன்னொன்று: இந்தியாவில் உயர் நீதிமன்றம் எனப்படுவது மாநிலத்தின் தலைமை மன்று, நாடு முழுமைக்கும் தலைமையானது உச்ச நீதிமன்றம். நமது வழக்கில் உயர் நீதிமன்றம் என்பது நாட்டின் தலைமை மன்றையே குறிப்பதால் இரண்டையும் மயங்குதலாகாது.

தாபரிப்புக் கடமையை மீறியவன்மீது குற்றவியற் சட்டத்தின்கீழ் நடவடிக்கை எடுப்பது ஏன் என்பது முதலில் எழவேண்டிய வினா. கடன் கொடுத்தவன் குடியியல் மன்றுக்குச் செல்கிறான்; கைவிடப்பட்ட மனைவியோ குற்றவியல் நடைமுறைக் கோவையின் ஒரு மூலையில் நிற்கிறாள். விடை வரலாற்றில் உள்ளது. பிரித்தானிய ஆட்சியில் 1861 இல் இயற்றப்பட்ட கோவையிலேயே இவ்வேற்பாடு இடம்பெற்றுவிட்டது. 1872 ஆம் ஆண்டின் கோவையை உருவாக்குவதில் முன்னின்ற ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீவன், அலைந்து திரிவோர் தொகை பெருகுவதை, அல்லது குறைந்தபட்சம் அதன் விளைவுகளை, தடுக்கும் வழியாகவே இதனைக் கண்டார். இங்கிலாந்தில் 1824 ஆம் ஆண்டின் அலைந்து திரிவோர் சட்டம், மனைவி மக்களைக் கைவிட்டு ஊர்ப் பொதுப்பணத்துக்குச் சுமையாக்கியவனைத் தண்டித்தது. அச்சட்டத்துக்கு அவளுடைய பசி பொருட்டன்று. வரி செலுத்துவோனின் பணப்பையே பொருட்டாயிற்று. நிலத்திலிருந்து பெயர்த்தெறியப்பட்ட உழவர்களை அலைந்து திரியும் குற்றத்துக்காகச் சவுக்காலடித்த சட்டங்களின் வரலாற்றை ‘மூலதனம்’ முதற் பாகத்திற் படித்தவர்களுக்கு, தாபரிப்புச் சட்டம் அவ்வரிசையின் கடைக்குட்டி என்பது விளங்காதிராது.

இவ்வேற்பாடு 1898 ஆம் ஆண்டுக் கோவையில் 488 ஆம் பிரிவாகவும், 1973 ஆம் ஆண்டுக் கோவையில் 125 ஆம் பிரிவாகவும் தொடர்ந்தது. 2024 யூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 144 ஆம் பிரிவு. ஒருதரப்பு ஆணை பற்றிய வாசகம் முன்னர் 126 ஆம் பிரிவிலும் இன்று 145 ஆம் பிரிவிலும் உள்ளது. ஆட்சி மாறியது, எண் மாறியது. வாசகம் ஏறத்தாழ அப்படியே நிற்கிறது. ஆனால் அதற்குத் தரப்பட்ட விளக்கம் மாறியது. 1978 இல் நீதியரசர் வி. ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு, பெண்களையும் பிள்ளைகளையும் காக்கும் சமூக நீதிச் சட்டமாக இதனை அரசியலமைப்பின் ஒளியிற் படிக்க வேண்டுமென்றது. காலனித்துவக் காவற் சட்டமொன்றினுள் புதிய உள்ளடக்கத்தைப் புகுத்திய முயற்சி அது. பழைய உருவத்துக்கும் புதிய உள்ளடக்கத்துக்கும் இடையிலுள்ள முரண், ஒருதரப்பு ஆணையில் கூர்மையாக வெளிப்படுகிறது.

இனி வாசகத்துக்கு வருவோம். பொது விதி, எதிர்மனுதாரரின் முன்னிலையில், அல்லது அவர் நேரில் வருவது தவிர்க்கப்பட்டிருப்பின் அவருடைய சட்டத்தரணியின் முன்னிலையில், சாட்சியம் பதிவாக வேண்டும் என்பதே. ஒருதரப்பு விசாரணை இவ்விதிக்குப் புறனடையாக மட்டுமே வருகிறது. எதிர்மனுதாரர் அழைப்பாணையைப் பெறுவதை வேண்டுமென்றே தவிர்க்கிறார், அல்லது மன்றுக்கு வருவதை வேண்டுமென்றே புறக்கணிக்கிறார் என நீதிபதி மனநிறைவு கொண்டால், அவர் இல்லாமலே கேட்டு முடிவு செய்யலாம். அவ்வாறு விதித்த ஆணையை, அதன் தேதியிலிருந்து மூன்று மாதங்களுக்குள் விண்ணப்பித்துத் தக்க காரணம் காட்டினால், மறுதரப்புக்குச் செலவுத்தொகை கொடுத்தல் உள்ளிட்ட நியாயமான நிபந்தனைகளோடு நீக்கலாம். குடும்ப நீதிமன்றம் உள்ள இடங்களில் நீதவானுக்குரிய இவ்வதிகாரம் அம்மன்றுக்குச் செல்கிறது, நடைமுறை மாறுவதில்லை.

இச்சிறு வாசகத்தில் மூன்று சொற்றொடர்கள் முழுச் சுமையையும் தாங்குகின்றன: வேண்டுமென்றே, அதன் தேதியிலிருந்து, நியாயமான நிபந்தனைகளோடு. வழக்காடுவோர் முதலிரண்டைப் பற்றியே பெரிதும் போராடுகின்றனர். மூன்றாவதே முதன்மையானது என்பது இக்கட்டுரையாளனின் கருத்து.

அழைத்தும் வராதவனுக்கும் அழைப்பே எட்டாதவனுக்கும் உள்ள வேறுபாட்டை முதற் சொல் காக்கிறது. கேளாமல் விதித்த தீர்ப்பின் கொடுமையைத் தமிழர்க்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. சிலப்பதிகாரத்தின் வழக்குரைகாதை அதனையே மையமாகக் கொண்டது. கோவலன் மதுரையிலேதான் இருந்தான், அழைத்திருந்தால் வந்திருப்பான். பொற்கொல்லன் சொல் ஒன்றையே கொண்டு அரசன் ஆணையிட்டான். கண்ணகி அவ்வாணையை எதிர்த்து வழக்குரைத்து வென்றபோது, அதனை நீக்குவதாற் பயன் இல்லாதாயிற்று. கண்ணகியிடம் உடைத்துக் காட்ட ஒரு சிலம்பு இருந்தது என்பதையும் மறத்தலாகாது. வணிக வர்க்கத்துப் பெண்ணின் சான்றுப்பொருள் அது. சிலம்பு இல்லாதவர்கள் பற்றிப் பின்னர்ப் பேசுவோம்.

‘வேண்டுமென்றே’ என்பது மனநிலையைக் குறிப்பது. மன்று காண்பதோ வெறும் இன்மையை. ஓர் எடுத்துக்காட்டைக் கற்பித்துக்கொள்வோம். இராமநாதபுர மாவட்டத்தைச் சேர்ந்த கட்டடத் தொழிலாளி ஒருவன் குவைத்தில் இருக்கிறான். மனைவி மதுரையில் தாய்வீட்டிலிருந்து மனுத் தாக்கல் செய்கிறாள். அவள் அறிந்த முகவரி கிராமத்து வீடு ஒன்றே. அழைப்பாணை அங்கு செல்கிறது, கதவிலே ஒட்டப்படுகிறது, ‘சார்வு செய்யப்பட்டது’ என்ற குறிப்போடு மன்றுக்குத் திரும்புகிறது. மற்றொருவன் அதே மதுரையிலே துணிக்கடை வைத்திருப்பவன். அழைப்பாணை கொண்டுவருபவனைக் கடைப் பையனைக் கொண்டு மூன்று முறை திருப்பியனுப்புகிறான். ஏட்டிலே இருவரும் ஒன்றே: அழைக்கப்பட்டார், ஆஜராகவில்லை. ஒருவனுடைய இன்மை உழைப்புச் சந்தை விதித்தது. மற்றவனுடையது அவனே தெரிந்தெடுத்தது. இந்த வேறுபாட்டைக் காண்பதற்காகவே நீதிபதியின் மனநிறைவு தேவையென்று சட்டம் கூறுகிறது. ஆதலின், அழைப்பாணை முறையாகச் சார்வாகியது, எதிர்மனுதாரர் வேண்டுமென்றே தவிர்த்தார் என்பவற்றைக் காட்டும் குறிப்பு வழக்கேட்டில் இல்லாதிருப்பின், அதுவே ஆணையை எதிர்ப்பதற்கு வலுவான முதற் காரணமாகும். மேலும், எதிர்மனுதாரர் வராமையால் மனுவிற் கூறிய யாவும் தாமே நிறுவப்பட்டனவாகா. அவருடைய வருமானம், அவர் புறக்கணித்தமை, மனுதாரர் தம்மைத் தாபரிக்க இயலாதிருத்தல் ஆகியவற்றுக்குச் சாட்சியம் பதிவாகியிருத்தல் வேண்டும்.

அழைப்பாணைச் சார்வு பற்றிய பழைய விதியில் ஒரு சொல் நோக்கற்பாலது. அழைக்கப்பட்டவரைத் தக்க முயற்சி செய்தும் காணமுடியாவிடின், அவரோடு வசிக்கும் குடும்பத்தின் ‘வயதுவந்த ஆண்’ ஒருவரிடம் படியை ஒப்படைக்கலாம் என 1973 ஆம் ஆண்டுக் கோவை கூறிற்று. வீட்டில் தாயோ தமக்கையோ இருந்தால் அச்சார்வு செல்லாது. பெண், சட்டத்தின் கண்ணில், செய்தியை வாங்கிக் கொடுப்பதற்கும் தகுதியற்றவள். அதே கோவைதான் அவளுக்குத் தாபரிப்பும் வழங்கியது. 2023 ஆம் ஆண்டின் கோவை ‘ஆண்’ என்னும் சொல்லை நீக்கிவிட்டது; மின்னணு வழிச் சார்வுக்கும் இடமளித்தது. இதனாற் பயன் உண்டு. அதே வேளையில், படித்ததற்கு அடையாளமாகக் கைபேசியில் தோன்றும் இரு நீலக் கோடுகள் ‘வேண்டுமென்றே’ என்பதற்குச் சான்றாகுமா என்ற புதிய வழக்குகளும் இதனாற் பிறக்கும்.

இரண்டாவது சொற்றொடர், மூன்று மாதக் காலக்கெடுவின் தொடக்கம் பற்றியது. ‘அதன் தேதியிலிருந்து’ என்பது இலக்கணப்படி ஆணையின் தேதியையே சுட்டும். குவைத்துத் தொழிலாளி தன்மீது ஆணை உண்டென்பதை அறிவது, நிலுவைத் தொகைக்காகப் பிடியாணை கிராமத்துக்கு வரும்போதுதான். அதற்குள் மூன்று மாதம் கழிந்திருக்கும். குடியியல் நடைமுறைக் கோவையோடு இதனை ஒப்பிட்டால் வேறுபாடு விளங்கும். அங்கு ஒருதரப்புத் தீர்ப்பை நீக்க 9 ஆம் கட்டளையின் 13 ஆம் விதி வழிசெய்கிறது. காலம் 30 நாட்களே எனினும், அழைப்பாணை முறையாகச் சார்வாகாதவிடத்து, தீர்ப்பைப் பற்றி அறிந்த நாளிலிருந்து அக்காலம் எண்ணப்படும் என 1963 ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் வெளிப்படையாகக் கூறுகிறது. சொத்துக்காக வழக்காடுவோனுக்கு ‘அறிந்த நாள்’ என்னும் பாதுகாப்பு எழுத்திலேயே உண்டு. மாதப்படி செலுத்தாமைக்காகச் சிறை செல்லக்கூடியவனுக்கு அது எழுத்தில் இல்லை. எண்ணுந் தொடக்கம் ஆணையின் நாளா அறிந்த நாளா என்பதில் மாநில உயர் நீதிமன்றங்கள் ஒருமித்து நின்றதில்லை. அறியாதவனுக்குக் காலம் ஓடாது என்பது ஒரு நோக்கு. ஆணையின் நாளே தொடக்கம், தாமதத்துக்குத் தக்க காரணம் இருப்பின் காலவரையறைச் சட்டத்தின் 5 ஆம் பிரிவின்கீழ் மன்னிக்கலாம் என்பது மற்றொன்று. இரு வழியும் பெரும்பாலும் ஒரே இடத்துக்கே கொண்டுசெல்கின்றன. ஆயினும் விண்ணப்பிப்போர் எச்சரிக்கையாக, மூன்று மாதம் கடந்திருப்பின், தாமதத்தை மன்னிக்கக் கோரும் தனி மனுவையும் சேர்த்தே தாக்கல் செய்வது நலம்.

விண்ணப்பம் செல்லவேண்டியது ஆணையிட்ட அதே மன்றுக்கு. இதனை வலியுறுத்தக் காரணமுண்டு. அதிர்ச்சியுற்றவன் நேரே மேல்மன்றுக்கு ஓடுவது இயல்பு. குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 19 ஆம் பிரிவு, இவ்வகைத் தாபரிப்பு ஆணைக்கு மேன்முறையீடு இல்லை என்கிறது. மாநில உயர் நீதிமன்றத்தில் மீளாய்வு மட்டுமே உண்டு. அதற்குரிய காலம் 90 நாட்கள். மீளாய்வு மன்று பதிவேட்டில் உள்ளதைக் கொண்டு ஆணையின் சட்டமுறைமையைப் பார்க்கும். ‘நான் ஏன் வரவில்லை’ என்ற கதை அப்பதிவேட்டில் இராது. அதனைச் சொல்வதற்குரிய இடம் ஆணையிட்ட மன்றே. ஆணையிட்டு முடித்த மன்று அதனை மீண்டும் தொடலாமா என்ற ஐயமும் எழுந்ததுண்டு. குற்றவியல் மன்று தான் ஒப்பமிட்ட தீர்ப்பை மாற்றலாகாது என்னும் பொதுத்தடை, தாபரிப்பு ஆணைகளை அதே கடுமையோடு கட்டுப்படுத்தாது என உச்ச நீதிமன்றம் 2020 பெப்ரவரியில் தெளிவுபடுத்தியது.

விண்ணப்பத்தில் இடம்பெற வேண்டியவை சிக்கலானவையல்ல. ஆணையை அறிந்த நாள், அறிந்த விதம், அழைப்பாணை எம்முகவரிக்குச் சென்றது, அந்நாளில் தான் இருந்த இடம் ஆகியவற்றைச் சத்தியக்கடதாசியிற் கூறி, கடவுச்சீட்டின் பக்கங்கள், பணிநியமனக் கடிதம், மருத்துவமனைச் சீட்டு போன்றவற்றைச் சேர்க்க வேண்டும். ஆணையின் உறுதிப்படுத்திய படியும், ஆணையை நிறைவேற்றுவதை நிறுத்திவைக்கக் கோரும் மனுவும் வேண்டும். மனைவியைப் பற்றிய வசைகள் வேண்டா. அவை தக்க காரணம் ஆகா என்பதோடு, விண்ணப்பிப்போனின் உள்ளக்கிடக்கையையும் காட்டிக்கொடுக்கும். முகவரி பிழைத்தமை, கடும் நோய், வெளிநாட்டிலிருந்தமை, சட்டத்தரணியின் தவறு ஆகியவை, சான்றிருப்பின், தக்க காரணமாக ஏற்கப்படக்கூடியவை. ‘சமாதானமாகிவிடுவாள் என நினைத்தேன்’ என்பது ஏற்கப்படுதல் அரிது. விண்ணப்பம் வென்றால் தாபரிப்புக் கடமை அற்றுப்போவதில்லை. ஆணை நீங்கி, மூல மனு மீண்டும் உயிர்பெற்று, இருதரப்பும் கேட்கப்படும், அவ்வளவே. ஆணையின் தொகை மட்டுமே மிகையெனில், சூழ்நிலை மாற்றத்தைக் காட்டித் தொகையைக் குறைக்கக் கோருவது வேறு வழி. அதற்கு இன்றைய கோவையில் 146 ஆம் பிரிவு.

இதுவரை இல்லாதவனின் பக்கமிருந்து பார்த்தோம். இனி, மன்றில் இருந்தவளின் பக்கத்துக்கு வருவோம். ஆணை கிடைத்தபோது அவள் ஏற்கெனவே பல தவணைகள் வந்துபோயிருப்பாள். ஒவ்வொரு தவணையும் ஒரு நாட்கூலி. ஆணை நீக்கப்படும்போது அக்கூலி நாட்கள் மீள்வதில்லை. அவள் மறுபடியும் கூண்டேறி, இம்முறை குறுக்கு விசாரணைக்கும் ஆளாக வேண்டும். துணிக்கடைக்காரன் இதனை நன்கறிவான். தவிர்ப்பான், ஒருதரப்பு ஆணை வரும்வரை காத்திருப்பான், மூன்று மாதத்தின் இறுதி வாரத்தில் ஒரு மருத்துவச் சான்றிதழோடு தோன்றுவான். மறுதரப்பையும் கேள் என்னும் உயர்ந்த நெறி அவன் கையில் காலங்கடத்தும் கருவியாகிறது.

சட்டத்தின் உருவம் இருவரையும் சமமான இரு தரப்பினராகக் காண்கிறது. பண்டச் சந்தையில் வாங்குவோனும் விற்போனும் சமமான உரிமையாளராகத் தோன்றுவது போன்றதே இச்சமத்துவம் என்பதனை எவ்கெனி பசுக்கானிஸ் 1924 இல் வெளியிட்ட தம் நூலில் விரித்தார். ஒருவருக்குக் காலம் என்பது காத்திருத்தல், மற்றவருக்குப் பட்டினி. மூன்று மாதம் இருவருக்கும் ஒரே மூன்று மாதமன்று. ஆகவே, கேட்கும் உரிமையா உண்ணும் உரிமையா என வினாவை அமைப்பதே தவறான பாதை. கேட்கப்படும் காலம் முழுவதும் யார் பசித்திருப்பது என்பதே உண்மையான வினா. அவ்வினாவுக்கு விடையளிக்கும் இடம் மூன்றாவது சொற்றொடர்.

‘நியாயமான நிபந்தனைகளோடு’ என்பதனைச் செலவுத்தொகை என்று மட்டும் குறுக்கிப் படிக்கும் வழக்கம் உண்டு. வாசகமோ செலவுத்தொகை ‘உள்ளிட்ட’ நிபந்தனைகள் என்கிறது. எனவே நிலுவையின் ஒரு பகுதியை மன்றிற் செலுத்துக, அதனை மனைவி உடனே பெற்றுக்கொள்க, விசாரணை முடியும்வரை இவ்வளவு இடைக்காலத் தாபரிப்பு தருக, இத்தனை தவணைக்குள் எதிருரை தாக்கல் செய்க என நிபந்தனை விதிக்க மன்றுக்கு இடமுண்டு. 2001 ஆம் ஆண்டின் திருத்தம் 500 ரூபா என்னும் உச்சவரம்பை நீக்கியதோடு, இடைக்காலத் தாபரிப்புக்கும் வெளிப்படையாக வழி திறந்தது. இயன்றவரை 60 நாட்களுள் அதனைத் தீர்க்கவேண்டும் என்றது. 2020 நவம்பர் 4 இல் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம், இருதரப்பும் தத்தம் வருமானம், சொத்து, கடன் ஆகியவற்றைச் சத்தியக்கடதாசியில் வெளியிட வேண்டுமென்றும், தாபரிப்பு மனுத் தாக்கல் செய்த நாளிலிருந்தே வழங்கப்பட வேண்டுமென்றும் நெறிப்படுத்தியது. ஆணை நீக்கப்பட்டாலும் இறுதியில் மனைவி வென்றால், இடைப்பட்ட மாதங்கள் கணவனுக்கு இலாபமாகா என்பது இதன் பயன். துணிக்கடைக்காரனின் கணக்கை இது ஓரளவு குலைக்கிறது.

அதே நிபந்தனை குவைத்துத் தொழிலாளிமேல் வேறு விதமாக விழும். முழு நிலுவையையும் கட்டினாற்றான் கேட்போம் எனின், கேட்கப்படும் உரிமை பணமுள்ளவனின் உரிமையாகிவிடும். செலுத்தத் தவறினால் ஒவ்வொரு மாத நிலுவைக்கும் ஒரு மாதம் வரை சிறை என்பது நிறைவேற்றும் முறை. சிறை சென்றதனாற் கடன் தீராது என 1989 இல் உச்ச நீதிமன்றம் கூறிற்று. வசதி இருந்தும் செலுத்தாதவனுக்கு இது பொருந்தும். நாட்கூலிக்காரனைச் சிறையிலிட்டால் அம்மாதக் கூலியும் போகும்; மனைவிக்கும் கிடையாது. ஆகவே நிபந்தனை வருமானத்தை அளந்து விதிக்கப்பட வேண்டும். நீக்கல் விண்ணப்பத்தோடு வருமானச் சத்தியக்கடதாசியையும் தாக்கல் செய்யச் சொல்வதே அதற்கு எளிய வழி. யார் இல்லாது போனான், யார் ஒளிந்தான் என்பதும் அதிலேயே பெரும்பாலும் வெளிப்பட்டுவிடும்.

ஆணை நீக்கப்பட்டு வழக்கு மீண்டெழும்போது வருகின்ற எதிருரையில், மனைவியின் ஒழுக்கம் பற்றிய குற்றச்சாட்டு இடம்பெறுவதற்குச் சட்டமே இடம் வைத்திருக்கிறது. பிறருடன் தகாத உறவில் வாழும் மனைவிக்குத் தாபரிப்பு இல்லை. ‘வாழும்’ என்பது தொடர் நிலையைக் குறிக்கும், ஒருமுறை நேர்ந்ததைக் குறிக்காது என மன்றுகள் இவ்விதியைச் சுருக்கிப் படித்து வந்துள்ளன. இருந்தும் விதி நிற்கிறது. புதுமைப்பித்தன் 1934 இல் எழுதிய ‘பொன்னகரம்’ கதையின் அம்மாளுவை இங்கு நினைக்க வேண்டியுள்ளது. ஆலையில் உழைக்கும் அவள், காயமுற்றுக் கிடக்கும் கணவனுக்குக் கஞ்சி கொடுப்பதற்காகவே தன்னை விற்கிறாள். முன்னர்க் கூறிய சிலம்பு இல்லாதவள் அவளே. கணவன் அவளைக் கைவிட்டான் என்றும், அவள் தாபரிப்புக் கேட்டாள் என்றும் வைத்துக்கொண்டால், அவன் உயிர்பிழைக்கக் காரணமான செயலே அவளுக்கு எதிரான முதற் சாட்சியமாக அவன் வாயிலிருந்து வரக்கூடும். கற்பைச் சோற்றுக்கு நிபந்தனையாக்கும் சொத்துடைமை ஒழுக்கத்தை, சமூக நீதி விளக்கம் இன்னும் இவ்விதியிலிருந்து வெளியேற்றவில்லை.

நமது நாட்டுக்கு வருவோம். இலங்கையின் 1889 ஆம் ஆண்டு 19 ஆம் இலக்கத் தாபரிப்புக் கட்டளைச் சட்டம், போதிய வசதியிருந்தும் மனைவியையும் பிள்ளையையும் தாபரிக்கப் புறக்கணிப்பவனைப் பற்றி, இந்தியக் கோவையின் வாசகத்தோடு மிக நெருங்கிய சொற்களிலேயே பேசியது. ஒரே காலனித்துவப் பட்டறையின் இரு வார்ப்புகள் அவை. 1999 ஆம் ஆண்டின் 37 ஆம் இலக்கத் தாபரிப்புச் சட்டம் அதனை அகற்றி, முக்கியமான ஒரு மாற்றத்தைச் செய்தது. ‘மனைவி’ என்ற சொல் இருந்த இடத்தில் வாழ்க்கைத் துணை என்ற பொதுச்சொல் வந்தது. தந்தை இருந்த இடத்தில் பெற்றோர் வந்தனர். வசதியுள்ள மனைவி, தன்னைத் தாபரிக்க இயலாத கணவனைத் தாபரிக்க வேண்டும். வசதியுள்ள தாய் பிள்ளையைத் தாபரிக்க வேண்டும். இந்தியாவின் 2023 ஆம் ஆண்டுக் கோவை இந்த அடியை எடுத்துவைக்கவில்லை. அங்கு கணவன் இப்பிரிவின்கீழ் மனைவியிடம் கோர முடியாது.

பால் வேறுபாடற்ற இச்சொல்லாட்சி முற்போக்கானது என்பதில் ஐயமில்லை. ஆனால் அழைப்பாணை எட்டாத தொலைவில் இருப்பவர் யார் என்பதை அது மாற்றிவிடுகிறது. இலங்கையிலிருந்து வீட்டுப் பணிப்பெண்களாகக் குவைத்துக்கும் சவூதி அரேபியாவுக்கும் சென்றோர் தொகை சிறியதன்று. கடவுச்சீட்டு எசமானின் அலுமாரியில், கைபேசி எசமானியின் அனுமதியில் என இருக்கும் ஒருத்தி, ஊரிலுள்ள பிள்ளையின் பெயரால் தொடுக்கப்பட்ட வழக்கில் எதிர்மனுதாரராகக் கூடும். அவள் அனுப்பிய பணம் யார் கையிற் சேர்ந்தது என்பதற்கு அவளிடம் இருப்பது உண்டியல்காரன் சொன்ன ஒரு வார்த்தையாகவே இருக்கலாம். அவள் பெயர் கூப்பிடப்படும்போது மன்றில் எழும் மௌனத்தை ‘வேண்டுமென்றே’ எனப் பதிவதற்கு முன், அழைப்பாணை எந்த நாட்டின் எந்த வீட்டுக் கதவைத் தட்டியது என்று நீதவான் கேட்க வேண்டியிருக்கும்.